மேற்பாதியும் கீழ்ப்பாதியும்

என் கணவருக்கு எந்த வேலையைத் தொடங்கினாலும் முதலில் பிள்ளையார் சுழி போட்டாக வேண்டும். கடதாசியில் போட்டால் யாரும் ஒன்றும் சொல்லப் போவதில்லை. நாங்கள் எல்லோரும் அப்படிப் பழகியவர்கள்தான். இவர் இரும்பில் போடுவார். அதற்கென்றே கூரான உருக்கு ஊசி ஒன்று சட்டைப்பையில் பேனையோடு பேனையாக இருக்கும். லண்டன் ரெய்னர்ஸ் லேனில் நாங்கள் முதன்முதலில் வாடகைக்கு இருந்த வீட்டின் காஸ் அடுப்பைத் திருத்தப் போனவர், திருத்துவதற்கு முன்னமே அதன் பளபளப்பான நெற்றியில் ஒரு ‘உ’வைக் கீறிவிட்டார். வீட்டுக்காரி அதைத் தடவித் தடவிப் பார்த்து, இது கீறலா விரிசலா என்று ஒரு கோடைகாலம் முழுக்க எங்களைக் கேட்டே கொன்றாள். அதற்குப் பிறகும் மனிதர் திருந்தவில்லை. சொந்த வீடு வாங்கியதும் தராசு, கதவைப் பூட்டித் திறக்கிற திறப்பு, சோற்றுப் பெட்டி, தோட்டத்துக் கொட்டிலில் சாமானை நெரித்துப் பிடிக்கிற வைஸ் என்று கையில் அகப்பட்ட எல்லாவற்றிலும் சுழி ஏறியது. எனக்கு மட்டும்தான் நெற்றியில் கீறவில்லை என்று அவருடைய சிநேகிதர்களுக்குச் சொல்லிச் சிரிப்பேன்.

கணேசலிங்கம் என்பது அவர் பெயர். பார்க் ரோயல் பக்கத்தில் தண்ணீர்ப் பம்பு செய்கிற தொழிற்சாலை ஒன்றில் பிற்றர், பாகங்களைப் பொருத்துகிறவர். பம்பின் உடல் இரண்டு பாதியாக வரும். மேற்பாதி ஒரு கம்பனி வார்த்தது, கீழ்ப்பாதி வேறொரு கம்பனி வார்த்தது. இரண்டும் ஒரே வரைபடத்தைப் பார்த்துச் செய்தவைதான் என்றாலும் எல்லாம் எல்லாவற்றோடும் சேர்ந்துவிடாது. எந்த மேற்பாதி எந்தக் கீழ்ப்பாதியோடு ஆட்டமில்லாமல் உட்காரும் என்று பார்த்துச் சோடி சேர்ப்பதுதான் இவருடைய வேலை. சேர்ந்ததும் இரண்டிலும் ஒரே அடையாளம் போட்டுவிட வேண்டும். இல்லாவிட்டால் பிறகு கழற்றிப் பூட்டுகிறவன் மாற்றிப் பூட்டிவிடுவான். கலியாணத்துக்குப் பொருத்தம் பார்க்கிற சாத்திரியாருக்கும் உங்களுக்கும் என்ன வித்தியாசம் என்று நான் கேட்டால், சாத்திரியார் விட்ட பிழை தெரிய வருடக்கணக்காகும், தான் விட்ட பிழை உடனே ஒழுகும் என்பார்.

எனக்கு ஒரே ஒரு தம்பி, பாலேந்திரா. அம்மாவும் அப்பாவும் போன பிறகு ஊரில் எனக்கென்று மிஞ்சியிருந்தவன் அவன்தான். நான் கலியாணம் முடித்து லண்டனுக்குப் புறப்பட்ட அன்று அவனுக்குப் பத்து வயது. பக்கத்து ஒழுங்கையில், அடுத்த சந்தில் இருந்த கனகலிங்கம் அண்ணை ஓட்டுகிற வானில்தான் யாழ்ப்பாணம் ஸ்டேஷனுக்குப் போனோம். ரயில் வெளிக்கிட்டபோது தம்பி மேடையில் நின்று குழறி அழுதான். கனகலிங்கம் அண்ணை அவன் கையைப் பிடித்து, ஐஸ்கிறீம் வாங்கித் தருகிறேன் வா என்று சொல்லி வாசல் பக்கம் கூட்டிக்கொண்டு போனார். ஜன்னலால் பார்த்துக்கொண்டிருந்தேன். தம்பியை நினைத்தால் அந்த இரண்டு முதுகும்தான் எனக்குக் கண்முன் வரும்.

எண்பத்து நாலில் தம்பி தன் சைக்கிளை வேலியில் சாத்திவிட்டு இயக்கத்துக்குப் போய்விட்டான். எந்த இயக்கம் என்று நான் சொல்லப் போவதில்லை. அந்தக் காலத்தில் ஒழுங்கைக்கு ஒன்று இருந்தது, எல்லாம் ஒன்றையொன்று கடித்துக் குதறத் தொடங்கியிருந்தன. போய்ச் சில மாதத்திலேயே அவனுக்கு மனம் விட்டுப் போயிற்று. ஆனால் போகத்தான் வாசல் இருந்தது, திரும்பி வர இருக்கவில்லை. துப்பாக்கியைத் தொடமாட்டேன் என்று சொல்லி அடி வாங்கினான் என்றும், கடைசியில் குசினியில் சமைக்க விட்டிருக்கிறார்கள் என்றும் கனகலிங்கம் அண்ணைதான் கொழும்புக்குப் போன ஒருவர் மூலம் எங்களுக்குச் சொல்லியனுப்பினார். அவர் அந்த முகாமுக்கு விறகும் அரிசியும் ஏற்றுகிறவர். மற்ற இயக்கங்களுக்கும் ஏற்றுவார். வானுக்குக் கட்சி இல்லை என்பது அவருடைய கொள்கை.

குசினி என்று கேட்டதும் எனக்கு உயிர் வந்தது. சமைக்கிறவன் யாரையும் சுட மாட்டான், அவனையும் யாரும் சுட மாட்டார்கள் என்று நினைத்தேன். அதற்குப் பிறகு எனக்கு இருந்தது ஒரே நினைப்பு, துப்பாக்கி கைக்கு வருவதற்கு முன் அவனை அங்கிருந்து எடுத்துவிட வேண்டும்.

ஸ்ரீஸ்கந்தராஜா எங்கள் வீட்டுக்கு வந்தது எண்பத்தைந்தில், இலைகள் கொட்டத் தொடங்கிய ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். இயக்கத்தின் லண்டன் வேலைகளைப் பார்க்கிறவர் என்று கேள்விப்பட்டிருந்தோம். குடையும் நல்ல கோட்டுமாக வந்தார். வாசலில் சப்பாத்தைக் கழற்றி, அதன் மூக்கு வெளியே பார்க்கும்படி திருப்பி வைத்துவிட்டு உள்ளே வந்தார். வரும்போதே போவதற்கு ஆயத்தம் செய்கிற ஆளை எனக்கு முதல் பார்வையிலேயே பிடிக்கவில்லை. மற்றப்படி மரியாதை குறையாத மனிதர். என் கணவரை அண்ணை என்றார், என்னை அக்கா என்றார், சீனி போடாத தேத்தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தார். பிறகு கோட்டுப் பையிலிருந்து ஒரு கசெற்றை எடுத்து மேசையில் வைத்தார்.

அதில் தம்பியின் குரல் இருந்தது. பத்து வயதில் விட்டு வந்த குரல் அல்ல, உடைந்து தடித்த ஓர் ஆம்பிளைக் குரல். ஆனாலும் அக்கா என்று இழுத்த இழுவையில் அவன்தான் என்று தெரிந்தது.

“அக்கா, நான் சுகமா இருக்கிறன். குசினியிலதான் நிக்கிறன். இண்டைக்குப் பருப்புக்கு உப்புக் கூடிப்போச்செண்டு எல்லாரும் பேச்சு.”

பின்னால் பாத்திரங்கள் மோதுகிற சத்தம் கேட்டது. நான் அழுதுவிட்டேன். ஸ்ரீஸ்கந்தராஜா நான் அழுது முடியும் வரை சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார். இப்படிச் சண்டைக்குச் சரிவராத பெடியளைச் சில வேளை வெளிநாட்டுக்கு அனுப்பிவிடுவதும் உண்டு என்று பொதுவாகச் சொன்னார். அன்றைக்கு வேறு ஒன்றும் கேட்கவில்லை. போகிறபோது மட்டும் குசினி ஜன்னலால் தோட்டத்தைப் பார்த்து, அண்ணை அந்தக் கொட்டிலில் என்ன வேலை செய்கிறவர் என்று விசாரித்தார்.

அடுத்த ஞாயிறு ஒரு குளிக்கிற துவாயில் எதையோ சுற்றிக்கொண்டு வந்தார். இவர் அவரைக் கொட்டிலுக்குக் கூட்டிப் போனார். நானும் பின்னால் போனேன், விடுவேனா? துவாயை விரித்தால் உள்ளே இரண்டு அலுமினியத் துண்டுகள். ஒன்று சாம்பல் நிறம். மற்றது கறுப்பு, வெளிச்சத்தில் பிடித்தால் கத்தரிக்காய்த் தோல் போலக் கொஞ்சம் நாவல் நிறம் அடித்தது. ஒன்று மேற்பாதி, மற்றது கீழ்ப்பாதி என்று எனக்கே விளங்கியது. இவருடைய கை மூளையை முந்திவிட்டது. எடுத்து ஒன்றன் மேல் ஒன்றை வைத்தார். முன்பக்கத்தில் குறுக்கே போகிற ஆணி சுகமாகப் போயிற்று. பின்பக்கத்து ஆணி வாசலில் நின்று மாட்டேன் என்றது. திருப்பினார், வெளிச்சத்துக்குப் பிடித்தார், மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டார். முகத்தில் தொழிற்சாலைச் சந்தோஷம் வந்தது. பிறகுதான் அவருக்கு உறைத்தது.

“இது பம்பு இல்லை” என்றார்.

“இல்லை அண்ணை” என்றார் ஸ்ரீஸ்கந்தராஜா.

ஒரு நாட்டில் மேற்பாதிகள் மலிவாக அகப்பட்டதாம், வேறொரு நாட்டில் கீழ்ப்பாதிகள். ஒரே வரைபடம்தானே, சேரும் என்று விற்றவர்கள் சொன்னார்களாம். முதலில் கொஞ்சத்தை ஊருக்குக் கொண்டுபோய்ப் பார்த்தால் சில சேர்ந்தன, சில ஆடின, சில பூட்டவே மறுத்தன. குழல் இல்லை, குண்டு இல்லை, இது வெறும் துப்பாக்கிக் கூடு, அண்ணை சோடி சேர்த்துத் தந்தால் போதும் என்றார். பிறகு துவாயை நாலாக மடித்துக்கொண்டே என் பக்கம் திரும்பினார்.

“தம்பியை நாங்கள் வைச்சிருந்து என்ன செய்யிறது அக்கா? அவனுக்குச் சமைக்கவும் வரேல்லை.”

சொல்லிவிட்டுச் சிரித்தார். அந்தச் சிரிப்பில் கோபம் இல்லை, மிரட்டல் இல்லை, ஒன்றுமே இல்லை. சமைக்கவும் வராதவனை என்ன செய்வார்கள் என்பதை அவர் சொல்லாமலே விட்டுவிட்டார்.

அன்று பின்னேரம் இவர் குசினிக்கும் கூடத்துக்குமாக நடந்து தள்ளினார். கூடு ஒன்றும் துப்பாக்கி இல்லை, யாரும் பார்த்தால் வெறும் அலுமினியம் என்பார்கள் என்று எனக்கு நியாயம் சொன்னார். சவப்பெட்டியும் வெறும் பலகைதான் என்று நான் சொன்னேன். அப்படியானால் வேண்டாமா என்று கேட்டார். எனக்குத் தம்பி வேண்டும் என்றேன். இதில் ஒளிக்க ஒன்றுமில்லை, இன்றைக்குக் கேட்டாலும் அதைத்தான் சொல்வேன். என் இடத்தில் இருந்து பார்க்காதவர்கள் வாயை வைத்துக்கொண்டு இருக்கட்டும்.

அதற்கடுத்த வாரம் ஒரு விளையாட்டுப் பை வந்தது, ஸ்குவாஷ் மட்டை படம் போட்டது. அதற்குள் பழைய துணிகளில் சுற்றிய பாதிகள். இவர் வேலையால் வந்து, முகம் கழுவி, தேத்தண்ணீர் குடித்துவிட்டுக் கொட்டிலுக்குள் போய்விடுவார். மேற்பாதிகளை ஒரு வரிசை, கீழ்ப்பாதிகளை ஒரு வரிசை அடுக்கி வைத்துக்கொண்டு, இது அதற்குச் சரிவருமா, அது இதற்குச் சரிவருமா என்று ஒவ்வொன்றாகப் பார்ப்பார். சிலதை மினுக்குவார், சிலதைத் தேய்ப்பார். சிலதை ஒன்றுக்கும் உதவாது என்று ஒதுக்குவார். கண்ணை மூடித் தடவிப் பார்த்தே எது எந்தக் கம்பனி என்று சொல்லும் நிலைக்கு வந்துவிட்டார். சாப்பிடும்போது அதில் ஒரு கம்பனியின் வேலைப்பாட்டை வாயூறப் புகழ்ந்தார். நான் கறிச்சட்டியை மேசையில் அடித்து வைத்தேன். அதற்குப் பிறகு என் முன்னால் புகழவில்லை.

ஒரு சோடி சரியாகச் சேர்ந்தால் ‘டக்’ என்று ஒரு சத்தம் வரும். சின்னச் சத்தம்தான். ஆனால் கொட்டில் கதவு பூட்டியிருந்தாலும் எனக்குக் குசினிக்குள் கேட்கும். கேட்டதும் தம்பி ஒரு படி கிட்ட வந்துவிட்டான் என்று நினைத்துக்கொள்வேன். அடுத்த நிமிடம் வேறொருவருடைய தம்பியை நினைப்பேன். இரண்டு நினைப்பையும் ஒரு தலைக்குள் வைத்துக்கொண்டு வெங்காயம் வெட்டினேன்.

எல்லாம் முடிகிற கட்டத்தில் ஒரு சனிக்கிழமை காலை தேத்தண்ணீர் கொண்டு போனேன். மேசையில் ஒரு சோடி திறந்தபடி கிடந்தது. கீழ்ப்பாதியின் உள் விளிம்பில், ஆள்காட்டி விரல் நகத்தளவு ஒரு ‘உ’. எடுத்து மேற்பாதியைத் திருப்பினேன். அதிலும் ஒரு ‘உ’. மற்றச் சோடிகளையும் பார்த்தேன். ஒன்று தப்பாமல் எல்லாவற்றிலும் இருந்தது, பூட்டினால் வெளியே தெரியாது, திறந்தால் இரண்டு பாதியிலும் எதிரெதிரே தெரியும்.

எனக்கு வந்த கோபத்தில் கோப்பை தளும்பிவிட்டது. வேறு எந்த ஊரிலாவது ஒரு மனிதன் இப்படியான வேலைக்குத் தன் கையெழுத்தைப் போட்டுக் கொடுப்பானா என்று கேட்டேன். பொலிஸ் கையில் அகப்பட்டால் இலக்கம் பார்க்கத் தேவையில்லை, நேரே எங்கள் வீட்டுத் தராசைப் பார்த்தால் போதும் என்றேன். இவர் தலையைக் குனிந்துகொண்டு நின்றார்.

“கை தானாப் போட்டிட்டுது சிவமலர். போடாமத் தொடங்க ஏலாமக் கிடக்கு.”

உடனே அரத்தை எடுத்துத் தேய்க்க ஆயத்தமானார். அந்த நேரம் பார்த்து வாசல் மணி அடித்தது. சாமான் எப்படிப் போகிறது என்று பார்க்க ஸ்ரீஸ்கந்தராஜா வந்திருந்தார்.

அரத்தோடு நின்ற இவரைப் பார்த்து என்ன விஷயம் என்று கேட்டார். இவர் குற்றம் செய்த பள்ளிக்கூடப் பிள்ளையைப் போல எல்லாவற்றையும் சொல்லிவிட்டார். அதோடு நின்றிருக்கலாம். கூச்சத்தில் இவருக்கு வாய் நீளும். எங்கள் கலியாணத்துக்கு ஊருக்குப் போயிருந்தபோதும் இதே கூத்துத்தான், மச்சான் பாலேந்திராவின் சைக்கிளைத் திருத்திக் கொடுத்தபோது அதன் கைபிடிக்குக் கீழே சுழி போட்டேன், அவன் சைக்கிள் ஓடும்போதெல்லாம் பெருவிரலால் அதையே தடவிக்கொண்டு ஓடுவான் என்று சிரித்துக்கொண்டு சொன்னார்.

ஸ்ரீஸ்கந்தராஜா ஒரு பாதியை எடுத்து ஜன்னல் வெளிச்சத்துக்குப் பிடித்தார். பார்க்க வேண்டிய நேரத்தைவிடக் கூட நேரம் பார்த்தார்.

“அழிக்காதேங்கோ அண்ணை, அப்பிடியே இருக்கட்டும். பிள்ளையார் துணைக்கு இருக்கிறது நல்லதுதானே” என்றார்.

அரத்தை இவர் கையிலிருந்து மெல்ல வாங்கி மேசையில் வைத்தார். அன்றைக்கே பையையும் தூக்கிக்கொண்டு போய்விட்டார். காருக்குள் ஏறுவதற்கு முன், தம்பியின் காரியம் தன் பொறுப்பு என்று எனக்குச் சத்தியம் செய்தார்.

பிறகு மாதங்கள் ஒன்றும் நடக்காமல் போயின. விமான நிலையத்துக்குச் சாப்பாடு கட்டுகிற தொழிற்சாலை ஒன்றில் எனக்கு வேலை. பிளாஸ்டிக் தட்டில் பருப்பைப் பார்த்தால் உப்பு ஞாபகம் வரும். எந்தப் பொலிஸ் கார் எங்கள் தெருவால் போனாலும் இவர் ஜன்னல் சீலையை விலக்கிப் பார்ப்பார். தொலைபேசி அடித்தால் நானா நீயா என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்போம்.

அடுத்த வருடம் வெயில் வந்த பிறகு இன்னொரு கசெற் வந்தது. தபாலில் அல்ல, யாரோ வாசற்கதவில் கடிதம் போடுகிற வாயால் உள்ளே தள்ளிவிட்டுப் போயிருந்தார்கள். தம்பியின் குரல்தான். சுகமாக இருக்கிறேன் என்றான். குசினி என்ற சொல் வரவில்லை. பின்னால் பாத்திரச் சத்தம் இல்லை, ஒரு காகம் மட்டும் கத்திக்கொண்டிருந்தது. கடைசியில், “அத்தானுக்குச் சொல்லுங்கோ, எனக்கு விளங்கினது எண்டு” என்றான். அவ்வளவுதான். மிச்ச நாடா முழுக்க இரைச்சல்.

என்ன விளங்கினது? தன்னை எடுப்பதற்கு நாங்கள் பாடுபடுவது அவனுக்கு விளங்கிவிட்டது என்று இவர் சந்தோஷப்பட்டார். நான் திரும்பத் திரும்பப் போட்டுக் கேட்டேன். அந்தக் குரலில் சந்தோஷம் ஒரு சொட்டும் இல்லை. சொன்னால் இவர், உனக்கு நல்லதிலும் குற்றம் கண்டுபிடிக்காவிட்டால் சோறு இறங்காது என்று கத்துவார். நான் சொல்லவில்லை.

அந்த வருடக் கடைசியில் செவன் கிங்ஸில் ஒரு பெயர் வைக்கிற வீட்டுக்குப் போனோம். அங்கே எங்கள் ஊர்ப் பிலோமினம்மாவைக் கண்டேன், மகளிடம் வந்து சேர்ந்து கொஞ்ச நாள்தான். பிள்ளையைத் தொட்டிலில் கிடத்திக்கொண்டிருக்கும்போதே அவர் என் காதுக்குள் சொன்னார், கனகலிங்கம் அண்ணையைச் சுட்டுவிட்டார்கள். மற்ற இயக்கத்துக்குச் சாமான் ஏற்றினாராம். வானை மறித்து, அவர் இறங்கு முன்னமே முடித்துவிட்டார்களாம். யார் சுட்டது என்று கேட்டேன். பிலோமினம்மா தொட்டிலைப் பார்த்துக்கொண்டு, தெரியாது பிள்ளை என்றார். தெரியாது என்று சொன்ன விதம் எனக்குப் பிடிக்கவில்லை. ஆனாலும் நான் அழுதது கனகலிங்கம் அண்ணைக்காக மட்டும்தான். பத்து வயதுப் பெடியனுக்கு ஐஸ்கிறீம் வாங்கிக் கொடுத்த கை அது.

எண்பத்தேழின் தொடக்கத்தில் தம்பி வந்து சேர்ந்தான். ஸ்ரீஸ்கந்தராஜா சொன்ன சொல் தவறாத மனிதர், அதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். விமான நிலையத்தில் அவனைக் கட்டிப்பிடித்தபோது எலும்புதான் கையில் பட்டது. என் முகத்தைப் பார்க்காமல் என் செருப்பைப் பார்த்து அக்கா என்றான். அகதி விண்ணப்பம் கொடுக்கக் குரோய்டன் அலுவலகத்துக்கு விடியவே போய் வரிசையில் நின்றோம். ஆயுதம் தூக்கினாயா என்று அதிகாரி மொழிபெயர்ப்பாளர் மூலம் கேட்டார். குசினியில் சமைத்தேன் என்றான். அது எனக்குத் தேவார திருவாசகம் போலக் கேட்டது. அவன் மட்டும் மேசையின் காலைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

வீட்டில் பேச்சில்லை. கதவுக்கு முதுகு காட்டி உட்கார மாட்டான். சமைக்கச் சொன்னால் சமைப்பான், நன்றாகவே சமைத்தான். இவர் அவனுக்கென்று வாசல் திறப்பொன்று புதிதாக வெட்டி, வழக்கம்போலச் சுழியும் போட்டுக் கொடுத்தார். வாங்கிய கை ஒரு கணம் அப்படியே நின்றது. நன்றி அத்தான் என்றான்.

அதற்குப் பிறகுதான் வீட்டில் ஒரு விசித்திரம் தொடங்கியது. ஒரு நாள் மா நிறுக்கத் தராசை எடுத்தால், அதன் அடியிலிருந்த சுழியைக் காணவில்லை. அந்த இடம் மட்டும் தேய்ந்து வெள்ளையாக மினுங்கியது. கடைசியில் பிள்ளையாரோடும் கோபமா என்று இவரைக் கேட்டேன். நீதான் உரஞ்சிக் கழுவியிருப்பாய் என்றார். பிறகு அடுப்புத் தட்டில் இருந்தது போயிற்று. கதவுக் கொளுக்கியில் இருந்தது போயிற்று. ஏதோ ஒன்று எங்கள் வீட்டுக்குள் நடமாடி எங்கள் அடையாளத்தைத் தேடித் தேடித் தின்பது போல இருந்தது. எனக்குப் பயம் வந்தது. பயத்தில் இவரோடு எரிந்து விழுந்தேன், இவரும் என்னோடு விழுந்தார். தம்பி இரண்டு பேருக்கும் நடுவில் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தான்.

எனக்கு வேலை இல்லாத ஒரு செவ்வாய்க்கிழமை பின்னேரம். உடுப்புக் காயப்போடத் தோட்டத்துக்குப் போனேன். கொட்டிலுக்குள் அரம் தேய்க்கிற சத்தம். இவர் வேலையால் வர இன்னும் நேரம் இருந்தது. கதவைத் தள்ளினேன். தம்பி வைஸுக்கு முன்னால் குனிந்து நின்று, அதன் நெற்றியில் இருந்த சுழியைத் தேய்த்துக்கொண்டிருந்தான். அவசரமில்லாமல், ஒரு தொழிலாளியின் ஒழுங்கோடு.

என்னடா செய்கிறாய் என்று கேட்டேன். அரத்தை நிறுத்தாமலே சொல்லத் தொடங்கினான். குசினியில் நின்ற காலத்தில் திரும்பத் திரும்பத் துப்பாக்கியைக் கையில் திணித்தார்களாம். ஒவ்வொரு முறையும் நிலத்தில் வைத்துவிட்டுக் கை கட்டி நின்றானாம். அடித்தார்கள், வெயிலில் நிறுத்தினார்கள், இவன் அசையவில்லை. அக்கா லண்டனில் இருக்கிறாள், எப்படியும் எடுப்பாள், அதுவரைக்கும் கை சுத்தமாக இருக்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டே நின்றானாம். ஒரு நாள் முகாம் பொறுப்பாளர் இவனைத் தனியே கூப்பிட்டார். அடிக்கவில்லை. பக்கத்தில் இருத்தி, ஒரு புதுத் துப்பாக்கியின் பின் ஆணியைத் தட்டி, மேற்பாதி வேறு கீழ்ப்பாதி வேறாகத் திறந்து மடியில் வைத்தார். இது யாருடைய கை என்று தெரிகிறதா என்று கேட்டார்.

அப்போதுதான் அரம் நின்றது.

“பெருவிரலை வைச்சன் அக்கா. வைச்ச உடனை தெரிஞ்சிட்டுது. அத்தானே செய்து அனுப்பியிருக்கிறார், அக்காவும் ஓம் எண்டிருப்பா, இனி நான் ஆருக்காக மாட்டன் எண்டு நிக்கிறது எண்டு நினைச்சன்.”

உன்னை எடுக்கத்தான் செய்தோம், உன் கைக்குத் துப்பாக்கி வராமல் இருக்கத்தான் செய்தோம் என்று எப்படியோ சொல்லி முடித்தேன். அவன் தலையாட்டினான். அது தனக்குப் பிறகுதான் தெரியும் என்றான். பயணம் சரிவந்த அன்றைக்குப் பொறுப்பாளரே சிரித்துச் சிரித்துச் சொன்னாராம்.

யாரைச் சுட்டாய் என்று நான் கேட்கவில்லை. கேட்டுவிடக் கூடாதே என்று வாயைச் சீலைத் தலைப்பால் பொத்திக்கொண்டேன். அவனாகவே சொன்னான்.

“கனகலிங்கம் அண்ணை வானுக்குள்ளை இருந்தவர். நான் எண்டு கண்டிட்டுச் சிரிச்சவர் அக்கா.”

கொட்டில் வாசலில் நிழல் விழுந்தது. இவர் வேலையால் வந்து நின்றார், கோட்டும் கழற்றவில்லை, கையில் சோற்றுப் பெட்டி. எவ்வளவு நேரம் நின்றார், எதையெல்லாம் கேட்டார் என்று தெரியவில்லை. வைஸின் நெற்றியைப் பார்த்தார். தம்பி கையில் இருந்த அரத்தைப் பார்த்தார். ஒருவரும் ஒன்றும் விளங்காமல் தப்பிவிடக் கூடாது என்று எனக்கு வெறி வந்தது. கனகலிங்கம் அண்ணையைச் சுட்டது நீங்கள் சோடி சேர்த்த துப்பாக்கி என்று அவர் முகத்துக்கு நேரே சொன்னேன். காட்டித்தான் அவனைச் சம்மதிக்க வைத்தார்கள், உங்கள் சுழியைக் காட்டி, என்றேன்.

இவர் அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை. சட்டைப்பையில் இருந்த ஊசியைத் தடவிப் பார்த்து, எடுத்து, மேசையில் வைத்தார். கை அதை விட்டு வர நேரம் எடுத்தது.

“அந்தப் பெட்டியையும் தாங்கோ அத்தான். அதிலை ஒண்டு இருக்கு” என்றான் தம்பி.

ஒவ்வொரு நாளும் வேலைக்குப் போய் வந்ததால் அது மட்டும் அவன் கைக்குத் தப்பியிருந்தது. இவர் பெட்டியைத் திறந்து, மிச்சமிருந்த சோற்றைத் தோட்டத்தில் கொட்டினார். மூடியைத் தட்டித் துடைத்தார். அது மெல்லிய தகரம், வைஸில் வைத்து நெரித்தால் நசுங்கிவிடும். யாராவது கையால்தான் பிடிக்க வேண்டும். தம்பி அரத்தோடு காத்துக்கொண்டு நின்றான். இவர் மூடியை மேசை விளிம்பில் வைத்து, அசையாமல் இரண்டு கையாலும் பிடித்துக் கொடுத்தார்.